அசைந்தவர்களின் நிறம்

நான்காம் படிவம் படித்தபோது மாவட்ட அளவிலான தேசிய தின அணிவகுப்பில் நடந்திருக்கிறேன். சீருடை இயக்கத்தில் இருந்தவர்களில் உயரம் பார்த்து முப்பது பேரைப் பொறுக்கினார்கள். மூன்று வாரம் வெயிலில் பயிற்சி. அன்றைக்கு விடிகாலை நான்கு மணிக்கே பேருந்தில் ஏற்றிக்கொண்டுபோய், ஆறு மணிக்கு வரிசையில் நிற்க வைத்து, ஒன்பதரைக்குத்தான் நடக்க விட்டார்கள். எனக்கு முன்னால் நின்றவன் மயங்கி விழுந்தான். அவனைத் தூக்கிப்போன கையோடு, வரிசையில் ஓட்டை தெரியக்கூடாது என்று பின்னால் நின்ற ஒருவனை அந்த இடத்துக்குத் தள்ளினார்கள். மேடையைக் கடக்க எங்களுக்குப் பிடித்த நேரம் ஒரு நிமிடம்கூட இருக்காது.

பிறகு யாரோ எடுத்த காணொளியை வட்டில் பதிந்து கொடுத்தார்கள். அம்மா அதை மூன்று முறை ஓட்டிப் பார்த்தார்.

“இதுல நீ எது?”

“மூனாவது வரிசைம்மா. ஓரத்துலேர்ந்து ரெண்டாவது.”

அம்மா திரையில் விரலை வைத்துக் காட்டியது வேறொரு பையனை. “எல்லாரும் ஒரே மாதிரி இருக்கீங்க. பெத்தவளுக்கே தெரியல, போ” என்று சிரித்தார். எங்களுக்குப் பயிற்சி கொடுத்தவர் அதைக் கேட்டிருந்தால் மகிழ்ந்திருப்பார். மூன்று வாரமாக அவர் எங்களிடம் வேண்டியது அதைத்தான்.

அதை நான் மறந்தே போயிருந்தேன். ஒரு கேமராப் பிரச்சினைதான் மறுபடி ஞாபகப்படுத்தியது.

இப்போது பாயான் லெப்பாஸில் ஒரு தொழிற்சாலையில் வேலை. கன்வேயரில் வரும் சின்னச் சின்னப் பாகங்களைக் கேமரா வைத்துச் சோதிக்கிற இயந்திரங்களைப் பார்த்துக்கொள்வது என் பொறுப்பு. அதில் ஒரு வகை இயந்திரத்தில் கறுப்பு வெள்ளைக் கேமராதான் இருக்கும். சிவப்பு விளக்கு ஒருமுறை, பச்சை ஒருமுறை, நீலம் ஒருமுறை என்று அடுத்தடுத்து மின்னும். மூன்று படங்களையும் கணினி ஒன்றாகக் கலந்து வண்ணப் படமாக்கும். பாகம் அசையாமல் இருந்தால் படம் அருமையாக வரும். கன்வேயர் கொஞ்சம் நகர்ந்துவிட்டால் போச்சு. சிவப்புப் படம் ஓரிடத்திலும் பச்சைப் படம் இன்னோரிடத்திலும் விழுந்து, பாகத்தின் ஓரத்தில் வண்ணக் கோடு பூக்கும். நாங்கள் அதைக் குறை என்று பதிவுசெய்து சரிசெய்வோம்.

ஒரு நாள் ராத்திரி ஷிப்டில் இந்தக் கோட்டைப் பற்றித் தேடிக்கொண்டிருந்தபோது 1911ஆம் ஆண்டு டெல்லியில் எடுத்த ஒரு படத்தில் போய் விழுந்தேன். இந்தியச் சிப்பாய்கள் அணிவகுத்துப் போகிறார்கள். அவர்கள் ஓரங்களில் அதே சிவப்பு, அதே பச்சை. நூறு வருசத்துக்கு முந்தைய படத்தில் என் கன்வேயர் பிரச்சினை! அன்று தொடங்கிய தேடல்தான் இந்தக் கட்டுரை.

முதலில் ஒரு கேள்வி. சினிமா பிறந்து முதல் இருபது வருடங்களில் எடுத்த செய்திப்படங்களில் ஏன் இத்தனை ஊர்வலங்கள், முடிசூட்டல்கள், இறுதிச் சடங்குகள், படை அணிவகுப்புகள்? அரசர்களின் செல்வாக்கு என்று சொல்லிவிடலாம். அது பாதி உண்மைதான். மீதிப் பாதி கேமராவின் உடம்பில் இருக்கிறது.

அன்றைய கேமரா ஒரு கனமான மரப்பெட்டி. முக்காலியில் நிறுத்தி, கைப்பிடியைச் சுற்றிப் படம் எடுக்க வேண்டும். ஒரு சுருள் ஓரிரு நிமிடத்தில் தீர்ந்துவிடும். நல்ல வெயில் வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலாக, எது எங்கே எத்தனை மணிக்கு நடக்கும் என்று முன்கூட்டியே தெரிந்திருக்க வேண்டும். இந்த நிபந்தனைகளுக்கெல்லாம் ஒத்துப்போகிற நிகழ்ச்சி எது? அரசு நடத்தும் விழா. நேரம் அச்சிட்டுத் தருவார்கள், பாதை தெரியும், திறந்த வெளியில் நடக்கும், நகர்கிறவர்கள் எல்லாரும் ஒரே திசையில் ஒரே வேகத்தில் நகர்வார்கள். கேமராவைப் போட ஒரு மேடையும் கிடைக்கும்.

போர் இதற்கு நேர் எதிர். 1899இல் தென்னாப்பிரிக்காவில் போயர் யுத்தம் தொடங்கியதும், எடிசனிடம் வேலை பார்த்த டபிள்யூ. கே. எல். டிக்சன் ஒரு பெரிய கேமராவைத் தூக்கிக்கொண்டு அங்கே போனார். புகையில்லாத வெடிமருந்தும் தொலைதூரத் துப்பாக்கிகளும் வந்துவிட்ட காலம் அது. எதிரி எங்கே இருக்கிறான் என்று வீரர்களுக்கே தெரியாது. கேமராவுக்கு எப்படித் தெரியும்? அவருக்குக் கிடைத்ததில் பெரும்பகுதி முகாம், நகரும் வண்டிகள், ஆற்றைக் கடக்கும் படைகள். சண்டையைப் பார்க்க ஆசைப்பட்ட ரசிகர்களுக்கு இங்கிலாந்திலேயே சண்டை தயாரானது. ஆர். டபிள்யூ. பால் லண்டனின் மஸ்வெல் ஹில் கோல்ஃப் திடலில் போர்க் காட்சிகளை நடிக்க வைத்து எடுத்தார். மிட்செல், கென்யன் கூட்டாளிகள் பிளாக்பர்ன் பக்கத்து வயல்களில் எடுத்தார்கள்.

ஆக, உண்மையான போரைக் கேமராவால் பிடிக்க முடியவில்லை. பிடிக்க முடிந்தது அணிவகுப்பைத்தான். ராணுவம் என்றதும் நம் மனதில் வரிசையாக நடக்கும் கால்கள் முதலில் வந்து நிற்பதற்கு இந்தத் தொழில்நுட்பக் குறையும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன்.

விழாவைப் படம் எடுக்கிறவன் விழாவின் விருந்தாளி. விருந்தாளி எதைப் பார்க்கலாம், எதைப் பார்க்கக்கூடாது என்பதை வீட்டுக்காரர்தான் முடிவுசெய்வார். இது முதல் வருடமே தெரிந்துவிட்டது. 1896 மே மாதம் மாஸ்கோவில் ஜார் இரண்டாம் நிக்கோலஸின் முடிசூட்டு விழாவை லூமியேர் நிறுவனத்தின் ஆட்கள் எடுத்தார்கள். அவர்களில் பிரான்சிஸ் டூப்ளியே ரொம்பச் சின்ன வயசுக்காரர். விழாக் காட்சிகள் இன்றும் இருக்கின்றன. நான்கு நாள் கழித்து, ஹோடின்கா திடலில் ஜார் பெயரால் பரிசுப் பொருள் வாங்கக் கூடிய கூட்டத்தில் நெரிசல் ஏற்பட்டு 1,300க்கும் அதிகமானோர் செத்துப்போனார்கள். அதையும் தாங்கள் படம் பிடித்ததாகவும், போலீஸ் கருவிகளைப் பறித்துக்கொண்டதாகவும் டூப்ளியே பிற்காலத்தில் சொன்னார். அந்தச் சுருள் வெளியே வரவேயில்லை.

வீட்டுக்காரர் அன்பாகவும் இருப்பார். 1901 பிப்ரவரியில் விக்டோரியா ராணியின் இறுதி ஊர்வலத்தைச் செசில் ஹெப்வொர்த் லண்டன் தெருவோரத்தில் நின்று எடுத்தார். ஊரே மௌனமாக இருக்க, அவருடைய கேமரா மட்டும் கடகடவென்று சத்தம் போட்டிருக்கிறது. குதிரையில் வந்த புது அரசர் ஏழாம் எட்வர்ட் அதைக் கேட்டு, படம் நன்றாக விழட்டும் என்று ஊர்வலத்தைச் சற்று நிறுத்தினார் என்று ஹெப்வொர்த் தன் வரலாற்று நூலில் எழுதியிருக்கிறார். பெற்ற தாயின் சவ ஊர்வலம் கேமராவுக்காக நின்றிருக்கிறது. விழாவுக்காகக் கேமரா என்பது போய், கேமராவுக்காக விழா என்று ஆகத் தொடங்கிய தருணங்களில் இதுவும் ஒன்று.

இந்த இடத்தில்தான் சார்லஸ் அர்பன் வருகிறார். அமெரிக்காவின் சின்சினாட்டியில் பிறந்து லண்டனில் வந்து குடியேறிய படவியாபாரி. 1902இல் எட்வர்டின் முடிசூட்டலுக்கு வெஸ்ட்மின்ஸ்டர் தேவாலயத்துக்குள் கேமரா நுழைய வழியில்லை. அர்பன் அலட்டிக்கொள்ளவில்லை. பிரான்சில் இருந்த ஜார்ஜ் மெலியேவிடம் சொல்லி முடிசூட்டலையே செட் போட்டு எடுக்க வைத்தார். நிலாவுக்குப் போகிற படம் எடுத்தாரே, அதே மெலியேதான். அரசராக நடித்தவர் ஒரு சலவைக் கூடத்துத் தொழிலாளி. எட்வர்டுக்கு வயிற்றில் அறுவைச் சிகிச்சை ஆனதால் ஜூன் மாதம் நடக்க வேண்டிய விழா ஆகஸ்ட் 9ஆம் தேதிக்குத் தள்ளிப்போனது. அதற்குள் படம் தயார்! அரசரின் உடல்நிலைக்காக நிஜ விழாவில் சில சடங்குகளைச் சுருக்கினார்கள். படத்தில் அவை சுருங்காமலேயே இருந்தன. அன்று இரவே லண்டன் அரங்கில் படம் ஓடியது.

இதை மோசடி என்று சிரித்துவிட்டுப் போகலாம். எனக்கு வேறு மாதிரி தோன்றுகிறது. விழா நடப்பதற்கு முன்பே அதைப் படமாக எடுத்துவிட முடிகிறது என்றால், விழா என்பதே முன்கூட்டி எழுதிய திரைக்கதைதானே? மெலியே பொய் சொல்லவில்லை. அரண்மனை எழுதிய கதையை அரண்மனைக்கு முன்னால் நடித்துக் காட்டிவிட்டார், அவ்வளவுதான்.

அடுத்து அர்பன் தேடியது நிறம். பிரைட்டனில் இருந்த ஜார்ஜ் ஆல்பர்ட் ஸ்மித் 1906இல் ஒரு வழி கண்டுபிடித்துக் காப்புரிமை வாங்கினார். அதற்குப் பெயர் கினிமாகலர். படச்சுருள் கறுப்பு வெள்ளைதான். ஆனால் சிவப்பு வெளிச்சமும் பதியும்படி சாயக் கரைசலில் பதப்படுத்திய சுருள். கேமராவின் லென்ஸ் பக்கத்தில் ஒரு சக்கரம் சுழலும். சக்கரத்தின் ஒரு பகுதியில் செம்மஞ்சள் வடிகட்டி, இன்னொரு பகுதியில் நீலம் கலந்த பச்சை. ஒரு சட்டகம் சிவப்பு வழியாகப் பதிவாகும், அடுத்தது பச்சை வழியாக. சாதாரணப் படம் வினாடிக்கு 16 சட்டகம் ஓடிய காலத்தில் இது 32 ஓட வேண்டும். திரையிடும் இயந்திரத்திலும் அதே போன்ற சக்கரம். பார்க்கிறவனின் கண் இரண்டையும் கலந்து வண்ணமாக்கிக்கொள்ளும். வண்ணம் சுருளில் கிடையாது, நம் தலைக்குள்தான் உண்டாகிறது. என் தொழிற்சாலைக் கேமராவில் கணினி செய்யும் வேலையை அன்று கண் செய்தது.

குறைகள் இரண்டு. ஒன்று, நீலம் சரியாக வராது. இரண்டு நிறத்தை வைத்துக்கொண்டு மூன்றாவதுக்கு எங்கே போவது? இன்னொன்று நான் சொன்ன ஓரக்கோடு. சிவப்புச் சட்டகத்துக்கும் பச்சைச் சட்டகத்துக்கும் இடையே ஒரு வினாடியில் 32இல் ஒரு பங்கு நேரம் கழிகிறது. அந்த நேரத்தில் எது அசைந்ததோ அதன் ஓரத்தில் நிறம் பிரிந்து தெரியும்.

சும்மா ஒரு கணக்குப் போட்டுப் பார்த்தேன். வினாடிக்கு ஒன்றரை மீட்டர் நடக்கிற சிப்பாய் அந்த இடைவெளியில் ஏறக்குறைய 5 சென்டிமீட்டர் நகர்ந்திருப்பான். வினாடிக்கு 10 மீட்டர் பாய்கிற குதிரை 30 சென்டிமீட்டர் தாண்டியிருக்கும். மேடையில் உட்கார்ந்திருக்கிறவர்? பூஜ்யம். எந்த அணிவகுப்பிலும் மரியாதையை ஏற்றுக்கொள்கிறவர் ஓரிடத்தில் இருப்பார், மரியாதை செலுத்துகிறவர்கள் நகர்ந்து போவார்கள். ஆக, கினிமாகலரில் அரசருக்குத் துல்லியமான நிறம், சிப்பாய்க்குப் பிசிறு. யாரும் திட்டமிட்டுச் செய்ததில்லை. இயற்பியல் தானாகவே அதிகார வரிசையைப் பின்பற்றிவிட்டது.

இந்தக் கருவியோடுதான் அர்பனின் குழு 1911 கடைசியில் இந்தியாவுக்குப் போனது. ஐந்தாம் ஜார்ஜ் அரசரும் மேரி அரசியும் டெல்லிக்கு வருகிறார்கள். 1877இலும் 1903இலும் அங்கே தர்பார் நடந்திருந்தாலும், ஆட்சியில் இருக்கும் பிரிட்டிஷ் அரசர் ஒருவர் நேரில் வந்தது இதுதான் முதல்முறை. கறுப்பு வெள்ளையில் எடுக்கும் போட்டி நிறுவனங்களும் வந்திருந்தன. வண்ணச் சக்கரம் வெளிச்சத்தில் பெரும்பங்கைத் தின்றுவிடும் என்பதால் கினிமாகலருக்கு மற்றவர்களைவிட அதிக வெயில் தேவை. டெல்லியின் டிசம்பர் வெயில் கைகொடுத்தது.

டிசம்பர் 7ஆம் தேதி அரசர் நகருக்குள் நுழைந்தார். இதைப் படித்தபோது எனக்கு அம்மாவின் விரல் ஞாபகம் வந்தது. 1903 தர்பாரில் கர்ஸன் பிரபு யானைமேல் வந்ததைப் பார்த்த ஊர் அது. ராஜா என்றால் யானைமேல் வருவார் என்று சனங்கள் காத்திருந்தார்கள். ஜார்ஜ் ராணுவச் சீருடையும் தொப்பியும் போட்டுக்கொண்டு குதிரையில் வந்தார். முன்னும் பின்னும் அதே மாதிரி உடுப்பில் அதிகாரிகள். எது ராஜா என்று பலருக்குத் தெரியவில்லை. உலகத்தின் பெரிய பேரரசர், தன் ஊர்வலத்தில் தானே தொலைந்துபோனார். சீருடை யாரையும் விட்டுவைப்பதில்லை.

டிசம்பர் 12 தர்பாரில் அந்தத் தவறு நடக்கவில்லை. உயரமான மேடை, அசையாத சிம்மாசனம். பிரிட்டனின் மகுடம் நாட்டைவிட்டு வெளியே போகக்கூடாது என்பதால் இதற்கென்றே 6,000க்கும் மேற்பட்ட வைரங்கள் பதித்துப் புதிதாகச் செய்த மகுடம். தலைநகரம் கல்கத்தாவிலிருந்து டெல்லிக்கு மாறுகிறது என்றும், 1905இல் நடந்த வங்கப் பிரிவினை ரத்தாகிறது என்றும் அறிவித்தார்கள். சமஸ்தானத்து அரசர்கள் வரிசையாக வந்து வணங்கினார்கள்.

அப்போதுதான் திரைக்கதை ஓரிடத்தில் பிசகியது. பரோடா மன்னர் மூன்றாம் சயாஜிராவ் கெய்க்வாட் நகைகள் பூட்டிக்கொள்ளாமல் வந்தார். சுருக்கமாக ஒரு வணக்கம். பிறகு முதுகைக் காட்டித் திரும்பி நடந்தார். அரசருக்கு முகம் காட்டியபடியே பின்வாங்கிப் போவதுதான் முறை. வேண்டுமென்றே செய்த அவமதிப்பு என்று லண்டன் பத்திரிகைகள் கொதித்தன. அவர் வைஸ்ராய் ஹார்டிங் பிரபுவுக்கு விளக்கக் கடிதம் எழுத வேண்டியதாயிற்று. கேமரா இல்லாதிருந்தால் இது தர்பாரில் இருந்தவர்களின் பேச்சோடு போயிருக்கும். படம் லண்டன் அரங்குகளில் ஓடியது. வேண்டுமென்றே செய்தாரா, பதற்றத்தில் மறந்தாரா என்று ஆய்வாளர்கள் இன்றும் அந்தக் காட்சியைத் திரும்பத் திரும்பப் பார்க்கிறார்கள். கேமராவை அழைத்துவந்தது அரசு. ஆனால் கேமரா கண்ணில் பட்டதையெல்லாம் வாங்கிக்கொள்ளும் ஜாதி. வீட்டுக்காரருக்கு அதை முழுசாகக் கட்டுப்படுத்தத் தெரியவில்லை.

தர்பாருக்குப் பிறகு பல்லாயிரம் வீரர்கள் பங்குகொண்ட படை அணிவகுப்பு நடந்தது. அதையும் அர்பனின் ஆட்கள் எடுத்தார்கள்.

கறுப்பு வெள்ளைக்காரர்களின் படங்கள் அந்த வருடம் முடிவதற்குள் லண்டனில் திரைக்கு வந்துவிட்டன. அர்பன் முந்தவில்லை. 1912 பிப்ரவரி 2ஆம் தேதி ஸ்காலா அரங்கில் ‘நம் அரசர் அரசியோடு இந்தியா வழியே’ என்ற பொருள்படும் தலைப்பில் தன் படத்தை வெளியிட்டார். மேடையைத் தாஜ்மகால் போல அலங்கரித்து, வாத்தியக் குழுவும் முரசும் பைக்குழலும் வைத்து, இரண்டரை மணி நேரக் காட்சி. ஒரே நிகழ்ச்சியை ஏற்கெனவே மலிவாகப் பார்த்துவிட்டவர்களும் வண்ணத்துக்காகத் திரும்ப வந்தார்கள். மே மாதம் அரசரும் அரசியும்கூட வந்து பார்த்தார்கள். டெல்லி மேடையில் இருந்து பார்த்த அணிவகுப்பை லண்டன் நாற்காலியில் இருந்து இன்னொரு முறை பார்த்த அரசருக்கு என்ன தோன்றியிருக்கும் என்று யோசித்துப் பார்க்கிறேன்.

கினிமாகலரின் ஆயுசு குறைவு. வில்லியம் ஃப்ரீஸ் கிரீன் என்ற போட்டியாளர் தரப்பு காப்புரிமையை எதிர்த்து வழக்குப் போட்டது. இயற்கை வண்ணம் என்கிறீர்களே, நீலம் எங்கே? இதுதான் வாதத்தின் சாரம். 1914இல் மேல்முறையீட்டில் காப்புரிமை செல்லாது என்று தீர்ப்பானது. மறுவருடம் பிரபுக்கள் சபையும் அதை உறுதிசெய்தது. தனிப்பட்ட இயந்திரம், இரட்டிப்புச் சுருள் செலவு, பார்க்கிறவர்களின் தலைவலி எல்லாம் சேர்ந்து அது மறைந்துபோனது. பேரரசின் மிகப் பெரிய விழாவை ‘இயற்கை வண்ணத்தில்’ காட்டிய படத்தில் வானத்தின் நிறமே கிடையாது என்பதை நீதிமன்றத்தில்தான் பேச வேண்டியிருந்தது.

அதே 1914இல் போர் வந்தது. செப்டம்பரில் இந்தியப் படை பிரான்சின் மார்செய்ல்ஸ் துறைமுகத்தில் இறங்கியது. போர் முடிவதற்குள் பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட இந்தியர்கள் கடல் கடந்து போனார்கள். எழுபதாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் திரும்பவில்லை. டெல்லித் திடலில் பிசிறுப் பட்டுக் கடந்துபோனவர்களில் எத்தனை பேர் அதில் இருந்தார்கள் என்பதைப் படம் சொல்லாது. படத்தில் படைப்பிரிவுக்குத்தான் பெயர் உண்டு, ஆளுக்குக் கிடையாது.

இதே இந்திய ராணுவத்தின் ஒரு பிரிவு நம் பக்கத்திலும் இருந்தது. சிங்கப்பூரில் இருந்த ஐந்தாம் இலகு காலாட்படை. 1915 பிப்ரவரி 15, சீனப் புத்தாண்டு விடுமுறை. ஹாங்காங்குக்குப் புறப்பட இருந்த அந்தப் படைக்குக் காலையில் வழியனுப்பு அணிவகுப்பு நடந்தது. தளபதி ரிடவுட் அவர்களைப் பாராட்டிப் பேசினார். சிப்பாய்கள் வரிசையாக நின்று கேட்டார்கள். தங்களை ஹாங்காங் அல்ல, துருக்கியரோடு சண்டை போடத்தான் அனுப்பப் போகிறார்கள் என்ற வதந்தி பெரும்பாலும் முஸ்லிம்களான அவர்களிடையே பரவியிருந்தது. படைக்குள்ளே வேறு மனக்கசப்புகளும் இருந்தன. அன்று பிற்பகலில் துப்பாக்கிகள் வெடித்தன. நாற்பதுக்கும் மேற்பட்ட அதிகாரிகளும் பொதுமக்களும் கொல்லப்பட்டார்கள். கலகம் சில நாட்களில் அடங்கியது.

அந்தக் காலை அணிவகுப்பை எந்தக் கேமரா எவ்வளவு துல்லியமாக எடுத்திருந்தாலும் என்ன தெரிந்திருக்கும்? நேரான வரிசைகள். பொத்தான் போட்ட சட்டைகள். ஒரே மாதிரி தோளில் துப்பாக்கிகள். சில மணி நேரத்தில் எந்தத் துப்பாக்கி எந்தப் பக்கம் திரும்பும் என்பது தெரிந்திருக்காது. தளபதி கேமராவைவிடப் பக்கத்தில் நின்றார், அவருக்கே தெரியவில்லை.

பிறகு இன்னொரு ராணுவச் சடங்கு நடந்தது. ஊட்ரம் சிறைச் சுவருக்கு வெளியே, பொதுமக்கள் முன்னிலையில், 47 பேரைச் சுட்டுக் கொன்றார்கள். ஒரே நாளில் 22 பேரைச் சுட்டபோது ஏறக்குறைய 15,000 பேர் பார்த்ததாகச் சொல்கிறார்கள். அங்கேயும் வரிசை இருந்தது, கட்டளை இருந்தது, பார்வையாளர்களுக்கு இடம் இருந்தது. புகைப்படங்கள் இன்றும் இருக்கின்றன. அவற்றை முதலில் பார்த்தபோது அவை எப்படி இவ்வளவு ‘ஒழுங்காக’ இருக்கின்றன என்பதுதான் என்னை உறுத்தியது. இந்த முறை அசையாமல் நின்றவர்கள் சிப்பாய்கள்.

எது மிஞ்சியது, எது போனது என்பதையும் சொல்லிவிட வேண்டும். கல்கத்தாவில் ஹிராலால் சென் என்றொருவர் இருந்தார். 1905இல் வங்கப் பிரிவினையை எதிர்த்து நகர மண்டபத்தில் திரண்ட சுதேசிக் கூட்டத்தைப் படம் எடுத்தவர். இந்தியாவின் முதல் அரசியல் படம் என்று அதைச் சொல்வார்கள். 1917இல் ஏற்பட்ட தீ விபத்தில் அவருடைய படங்கள் எல்லாம் அழிந்தன. அதே வருடம் அவரும் இறந்தார். பிரிவினையை எதிர்த்தவர்களின் படம் சாம்பல். பிரிவினையை ரத்துசெய்வதாக அரசர் அறிவித்த தர்பாரின் கறுப்பு வெள்ளைப் படம் பத்திரம்.

தமிழுக்கும் இதில் ஒரு கிளை இருக்கிறது. தென்னிந்தியாவின் முதல் மௌனக் கதைப்படமான ‘கீசக வதம்’ எடுத்த ஆர். நடராஜ முதலியார் கார் உதிரிப்பாக வியாபாரி. அவருக்குப் பூனாவில் கேமரா பழக்கியவர் ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற ஆங்கிலேயர். அந்த ஸ்மித், கர்ஸன் பிரபுவைப் பற்றிய ஆவணப்படத்தில் வேலை செய்தவர். வைஸ்ராயைப் பார்த்துச் சுழன்ற கைப்பிடிதான் கொஞ்ச வருடத்தில் பீமனையும் கீசகனையும் பார்த்துச் சுழன்றிருக்கிறது. நம் சினிமாவின் கைப்பழக்கமும் அணிவகுப்பு மைதானத்துக்குப் பக்கத்தில் இருந்துதான் வந்தது என்பதை நான் இந்தத் தேடலில்தான் தெரிந்துகொண்டேன்.

அர்பனின் இரண்டரை மணி நேரப் படத்தில் இப்போது இரண்டு பகுதிகள்தான் நமக்குக் கிடைத்திருக்கின்றன. ஒன்று கல்கத்தா ஊர்வலம். இன்னொன்று ரஷ்யாவில் கிராஸ்னோகோர்ஸ்க் ஆவணக் காப்பகத்தில் 2000ஆம் ஆண்டில் அகப்பட்டது, தர்பாருக்குப் பிந்தைய படை அணிவகுப்பு. வைர மகுடத்தோடு அசையாமல் உட்கார்ந்திருந்த அரசரின் தர்பார்க் காட்சி வண்ணத்தில் கிடைக்கவில்லை. நூற்றாண்டைத் தாண்டி வந்திருப்பது, அசைந்துகொண்டிருந்த சிப்பாய்கள்.

நான் பார்த்தது அதிலிருந்து ஒரு துண்டு. தொழில் புத்தி சும்மா இருக்குமா? ஒரு ஞாயிற்றுக்கிழமை உட்கார்ந்து, வேலையில் பயன்படுத்துகிற மாதிரியான ஒரு சின்ன நிரலை எழுதினேன். சிவப்புச் சட்டகத்தைக் கொஞ்சம் நகர்த்திப் பச்சையோடு பொருத்துவது. நிற்கிறவற்றுக்கு எதுவும் செய்ய வேண்டியதில்லை. நடக்கிறவர்களுக்கு வரிசை வரிசையாகப் பொருத்த வேண்டியிருந்தது. சில இடங்களில் வரிசையாகப் பொருத்தினால் சரிவரவில்லை. ஏனென்றால், தூரத்தில் பார்க்க ஒரே மாதிரி தெரிந்தவர்கள் ஒரே வேகத்தில் நடக்கவில்லை. ஒருவன் கை கொஞ்சம் முன்னே வீசுகிறது, இன்னொருவன் அடி கொஞ்சம் பிந்துகிறது. பயிற்சி கொடுத்தவர் கண்ணுக்குத் தப்பியது ஓரக்கோட்டின் அகலத்தில் இருக்கிறது. ஆளுக்கு ஆள் அகலம் வேறு.

பாதி வேலையில் நிறுத்திவிட்டேன். சரிசெய்துவிட்டால் அந்த வித்தியாசம் தெரியாமல் போய்விடும் என்று தோன்றியது.

போன மாதம் வீட்டுக்குப் போயிருந்தபோது அம்மாவிடம் அந்தப் பழைய வட்டைக் கேட்டேன். தேடி எடுத்துக் கொடுத்தார். கீறல் விழுந்திருந்தது, ஆனால் ஓடியது. மடிக்கணினியில் மெதுவாக ஓட்டி, ஒவ்வொரு சட்டகமாக நகர்த்தினேன். அம்மா கண்ணாடியை மாட்டிக்கொண்டு பக்கத்தில் உட்கார்ந்தார். மூன்றாவது வரிசை கேமரா முன்னால் வந்தபோது நான் எதுவும் சொல்லவில்லை.

“இந்தா, இவன்தான் நீ,” என்றார் அம்மா. இந்த முறை சரி.

“எப்படிம்மா கண்டுபிடிச்சீங்க?”

“இவன் ஒருத்தன் மட்டும் கால மாத்தி வைக்கிறான் பாரு.”